பீடி சுற்றும் வீடுகளிலிருந்து சில கேள்விகள்

கே: ஆயிரம் பீடிக்குக் கடையில் தரும் இலை பத்துவதில்லை. குறைக்குக் கைக்காசு போட்டு வாங்குகிறேன். எங்கே தப்பு?

ப: பெரும்பாலும் இலையில்தான், உங்கள் கையில் இல்லை. ஓட்டை, கிழிசல், தடித்த நரம்பு உள்ள இலையில், அளவு பார்த்து வெட்டும் தகடு வைத்தால் ஒரு துண்டுகூடத் தேறாது. எடை மட்டும் சரியாக இருக்கும். ஈர இலையை நிறுத்துக் கொடுத்தால் தண்ணீருக்கும் சேர்த்துக் கணக்கு. ஆகவே காய்ந்த இலையாக, உங்கள் கண்முன் நிறுக்கச் சொல்லுங்கள். இலைக் கட்டைக் கடையிலேயே பிரித்துப் பாருங்கள். ஊறப்போட்ட பிறகு திருப்பிக் கொடுப்பது கடினம். எடையைப் பாஸ் புத்தகத்தில் (கடையின் கொடுக்கல் வாங்கல் எழுதும் புத்தகம்) எழுதி வாங்குங்கள். புகையிலைத் தூளையும் கவனியுங்கள்: பீடிக்குச் சுமார் 0.2 கிராம் என்றால் ஆயிரத்துக்கு 200 கிராம். இறுக்கி அடைத்தால் தூள் பத்தாது, தளர்த்தினால் பீடி கழிவில் (கடையில் சரியில்லை என்று தள்ளுவது) போகும். கூலியை ஆயிரத்துக்கு இவ்வளவு என்று பேசினாலும், கைக்காசும் கழிவும் போக மிஞ்சுவதுதான் கூலி. இந்தத் தொழில் தன் நட்டத்தைச் சுளகை மடியில் வைத்துப் பீடி சுற்றுகிற சுளகுக்காரியின் மடியில் இறக்குவது இப்படித்தான்.

கே: வீட்டில் சுற்றுகிறவர்களுக்கு பி.எஃப். (வருங்கால வைப்பு நிதி) உண்டா?

ப: உண்டு. 1985-இலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. பீடித் தொழிலில் உங்கள் பங்கு 10 சதவீதம், முதலாளி பங்கும் 10. தாயும் மகளும் சுற்ற, புத்தகம் தாய் பெயரில் மட்டும் இருந்தால் மகளுக்கு ஒரு நாள் சர்வீஸ்கூட ஏறாது. மாத ஓய்வூதியத்துக்கு 10 ஆண்டு வேண்டும். கடை மாறினால் பழைய யு.ஏ.என். எண்ணையே (உங்கள் பி.எஃப். கணக்குக்கான நிரந்தர எண்) கொடுங்கள். ஆதாரில் முத்துலட்சுமி, கடைப் பதிவில் முத்துலெட்சுமி என்றிருந்தால் பணம் எடுக்கும்போது சிக்கும், இப்போதே திருத்துங்கள்.

கே: கைக்குழந்தை இருக்கும் வீட்டில் சுற்றலாமா?

ப: குழந்தை தூங்கும் அறையில் வேண்டாம். தூளில் உள்ள நிக்கோட்டின் தோல் வழியாகவும் ஏறும். பாலூட்டுமுன் சோப்புப் போட்டுக் கைகழுவி, மேல்துணியை மாற்றுங்கள். வறட்டு விளக்குமாறு தூளைக் கிளப்பிவிடும், ஈரத்துணியால் துடையுங்கள்.

கே: சிகரெட்டைவிட பீடி சாதுவானதாமே?

ப: இல்லை. இலை அடிக்கடி அணையும். அதனால் பலமாக இழுக்க வேண்டிவரும், புகையும் கூடுதலாக உள்ளே போகும்.

கே: பீடியை ஒழித்தால் எங்கள் பிழைப்பு?

ப: 2004-இல் இந்தியா ஏற்ற உலக சுகாதார அமைப்பின் புகையிலைக் கட்டுப்பாட்டு உடன்படிக்கை, 17-ஆம் பிரிவில் தொழிலாளர்களுக்கு மாற்று வழி காட்டச் சொல்கிறது. நடைமுறையில் தையல் பயிற்சி வரும், ஆர்டர் வராது, மறுபடி சுளகுதான். சேருமுன் இரண்டைக் கேளுங்கள்: தைத்ததை யார் வாங்குவார்? உருப்படிக்கு எவ்வளவு?