பெனின் வெண்கலச் சிற்பங்களைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி ஏன் இவ்வளவு சண்டை? அவற்றில் அப்படி என்ன இருக்கிறது?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். நானே பல வருடம் அந்தக் குழப்பத்தில் இருந்தவன். மேற்கு ஆப்பிரிக்க வரைபடத்தில் பெனின் என்று ஒடுக்கமாக ஒரு நாடு இருக்கிறதே, அது இல்லை. அந்த நாட்டுக்கு முன்பு தகோமே என்று பெயர், 1975-இல்தான் பெனின் ஆனது. நீங்கள் கேட்கும் சிற்பங்கள் பக்கத்து நாடான நைஜீரியாவின் தெற்கே, எடோ மாநிலத்தில் உள்ள பெனின் சிட்டியில் பிறந்தவை, 1897-இல் பிரிட்டிஷ் படை அங்கிருந்து அள்ளிப்போனவை. எடோ மக்களின் அரசு அது. அரசருக்கு ஓபா என்று பட்டம். இன்றும் அந்த ஊரில் அரண்மனை இருக்கிறது, ஓபாவும் இருக்கிறார். இப்போதைய ஓபா இரண்டாம் எவுவாரே 2016-இல் முடிசூடினார்.

இன்னொன்று. ‘பெனின் வெண்கலம்’ என்று பெயர் நிலைத்துவிட்டாலும் அவற்றில் பெரும்பாலானவை பித்தளை. அதே பெயரில் சேர்த்துப் பேசப்படுபவற்றில் யானைத் தந்தம், மரம், பவளம் எல்லாம் உண்டு.

எனக்கு இந்த விஷயத்தில் ஆர்வம் வந்தது லண்டனில். வேலைக்காக இரண்டு வருடம் அங்கே இருந்தபோது எடோக்காரர் ஒருவர் என்னோடு வேலை பார்த்தார். ஒரு சனிக்கிழமை பிரிட்டிஷ் மியூசியம் போகலாமா என்று நான்தான் கூப்பிட்டேன். அவருக்கு அவ்வளவு இஷ்டமில்லை, வந்தார். ஆப்பிரிக்கப் பகுதி கீழ்த்தளத்தில் இருக்கிறது. அங்கே பித்தளைத் தகடுகளைக் கம்பங்களில் ஒன்றன்கீழ் ஒன்றாக மாட்டியிருப்பார்கள். ஒவ்வொன்றிலும் புடைப்பாக மனிதர்கள். வாள் ஏந்தியவர், கேடயம் பிடித்தவர், கொம்பு ஊதுபவர். ‘அழகாக இருக்கிறது’ என்று சொல்லிவிட்டு நான் நகரப் பார்த்தேன். அவர் நகரவில்லை. படிக்க ஆரம்பித்தார்.

ஆமாம், படிக்க. “இவன் கழுத்துப் பவளத்தைப் பார், மோவாய் வரை ஏறியிருக்கிறது, பெரிய ஆள். இவன் மார்பில் மணி, கழுத்தில் சிறுத்தைப் பல் மாலை, அப்படியானால் படைத்தலைவன். இதோ இந்தப் பையன் உடம்பில் மணிமாலை தவிர ஒன்றுமில்லை, ஓபாவின் வாள் சுமக்கும் ஏவலாள்.” ஒரே தகட்டில் ஒருவர் பெரிதாகவும் மற்றவர் குட்டையாகவும் இருப்பது தூரத்தால் அல்ல, பதவியால். பின்னணியில் நாலு இதழ் இலை ஒன்று திரும்பத் திரும்ப வரும். அது ஆற்றங்கரை இலை, கடலுக்கும் செல்வத்துக்கும் தெய்வமான ஒலோகுனைக் குறிப்பது என்றார். நான் அலங்காரம் என்று நினைத்திருந்தேன்.

எடோ மொழியில் ‘சா-எ-யாமா’ என்று ஒரு சொல் உண்டு. நினைவுகொள்வது என்று பொருள். அதன் நேர்ப்பொருள், உலோகத்தில் உருவம் வார்ப்பது. எழுத்து வழக்கம் இல்லாத ஓர் அரசவை, தன் வரலாற்றை வைத்திருந்தது இந்தத் தகடுகளிலும் தலைச் சிற்பங்களிலும் தந்தங்களிலும்தான். சண்டை ஏன் என்று கேட்டீர்களே, எனக்குத் தெரிந்து அதன் வேர் இங்கேதான் இருக்கிறது.

வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஒகிசோ என்ற பழைய மன்னர் வரிசை ஒன்று இருந்து முடிந்துபோனதாகவும், பிறகு இஃபே நகரத்து இளவரசன் ஒரான்மியானை வரவழைத்ததாகவும், அவன் இங்கே ஒட்டாமல் ஊர் திரும்பிவிட, உள்ளூர்ப் பெண்ணுக்குப் பிறந்த அவன் மகன் எவேகா முதல் ஓபா ஆனதாகவும் மரபு சொல்கிறது. ஏறத்தாழ 1200-ஐ ஒட்டிய காலம். அதற்குச் சில தலைமுறை கழித்து ஒகுவோலா என்ற ஓபா, இஃபேயிலிருந்து இகுவேகா என்ற வார்ப்பாசாரியை வரவழைத்தாராம். வார்ப்புக்காரர்கள் இன்றும் அந்த இகுவேகாவைக் குலமுதல்வராக வணங்குகிறார்கள். 15-ஆம் நூற்றாண்டின் எவுவாரே மன்னர்தான் நகரத்தை விரித்துக் கட்டியவர். ஊரைச் சுற்றி வெட்டிய அகழியும் அந்த மண்ணைக் கொட்டி எழுப்பிய மதிலும் சேர்ந்து, சில இடங்களில் அடியிலிருந்து உச்சிவரை 17 மீட்டர். கல் இல்லாத மழைக்காட்டில் மண்வெட்டியாலேயே செய்த வேலை.

வார்க்கும் முறை நம் சுவாமிமலை ஸ்தபதிகளைப் பார்த்தவர்களுக்குச் சுலபமாகப் புரியும். மெழுகில் உருவம் செய்து, மேலே களிமண் பூசி, சூடாக்கி மெழுகை வடியவிட்டு, அந்த இடத்தில் உருக்கிய உலோகத்தை ஊற்றுவது. ஒரு வேறுபாடு உண்டு. சுவாமிமலையில் செய்வது பெரும்பாலும் உள்ளே முழுக்க உலோகம் நிறைந்த கன வார்ப்பு. பெனின் தலைகளுக்கு உள்ளே களிமண் கரு வைத்து, அதன்மேல் மெல்லிய மெழுகுப் படலம் போர்த்தி, வெளியே மறுபடி களிமண். ஆகவே தலை உள்ளே பொள்ளல். உள்ளும் புறமும் ஒரே சீராக, தகரம்போல மெல்லிசாக வார்ப்பது எவ்வளவு கஷ்டம் என்று ஒரு வார்ப்பாசாரியைக் கேட்டுப் பாருங்கள். பழைய தலைகள்தான் மெல்லிசு, பிற்காலத்தவை தடிப்பாகவும் கனமாகவும் இருக்கும். கைத்திறன் குறைந்தது என்று சிலர் சொல்வார்கள். பித்தளை தாராளமாகக் கிடைக்க ஆரம்பித்ததும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

அந்தப் பித்தளை எங்கிருந்து வந்தது? இதுதான் கதையின் சங்கடமான பகுதி. 15-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் போர்த்துகீசியர் வந்தார்கள். மிளகு, தந்தம், துணி, அடிமைகள் வாங்கினார்கள். கொடுத்ததில் முக்கியமானது மனில்லா என்ற குதிரைலாட வடிவப் பித்தளைக் காப்பு. அதையே பணமாகவும் புழங்கினார்கள், உருக்கி ஓபாவின் ஆசாரிகள் சிற்பமும் வார்த்தார்கள். 2023-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், கடலில் மூழ்கிய கப்பல்களில் கிடைத்த மனில்லாக்களைச் சோதித்துப் பார்த்ததில் அந்த உலோகம் ஜெர்மனியின் ரைன் ஆற்றுப் பகுதியிலிருந்து வந்தது என்று தெரிந்தது. எவ்வளவு சுற்று பாருங்கள்: ஜெர்மன் சுரங்கம், போர்த்துகீசியக் கப்பல், பெனின் உலை, அப்புறம் 1897-க்குப் பிறகு திரும்பவும் ஜெர்மன் அருங்காட்சியகம்.

மிளகைப் பற்றி ஒரு குறுக்குச் செய்தி. பெனின் பகுதி மிளகு ஐரோப்பியச் சந்தையில் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. வாஸ்கோ ட காமா 1498-இல் கோழிக்கோட்டுக்கு வந்து மலபார் மிளகுக்கு வழி திறந்தபிறகு, தன் இந்திய வியாபாரத்துக்குப் போட்டி வேண்டாம் என்று போர்த்துகீசிய அரசே பெனின் மிளகை ஒதுக்கிவிட்டது.

ஆனால் எடோ சிற்பிகள் போர்த்துகீசியரை ஒதுக்கவில்லை. நீள மூக்கு, தொங்கும் தலைமுடி, தாடி, தொப்பியோடு எங்கே பார்த்தாலும் அவர்கள் முகம்தான். கடலுக்கு அப்பாலிருந்து செல்வம் கொண்டுவந்ததால் ஒலோகுனின் உலகத்தைச் சேர்ந்தவர்கள் என்று வைத்துக்கொண்டார்கள். வெள்ளைக்காரனை ஓபாவின் ஆடையணியில் ஓரத்து வேலைப்பாடாக வைத்துவிட்ட அந்தத் தன்னம்பிக்கை எனக்கு மிகவும் பிடிக்கும்.

அதைச் சரியாகப் பார்க்க வேண்டுமென்றால் இடியாவின் தந்த முகமூடியைப் பார்க்க வேண்டும். இடியா, 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆண்ட எசிகியின் தாய். உடன்பிறந்தவனோடு எசிகிக்கு அரியணைச் சண்டை, அப்புறம் வடக்கே இகாலா நாட்டோடு போர். இரண்டிலும் மகனுக்கு யோசனையும் மந்திர பலமும் கொடுத்தவள் தாய்தான் என்பது மரபு. போருக்குப் போன ஒரே பெண் என்று இன்றும் அவளைப் பாடுகிறார்கள். எசிகி அவளுக்காகவே இயோபா, அதாவது அரசத்தாய், என்ற பதவியை உண்டாக்கி உசேலுவில் தனி அரண்மனையும் கொடுத்தான். முகமூடி என்று பெயரே தவிர முகத்தில் மாட்டுவதில்லை. சுமார் 24 சென்டிமீட்டர்தான். தாயை நினைக்கும் சடங்கில் ஓபா இடுப்பில் அணிவது. கனத்த இமை, இறுகிய உதடு, நெற்றியில் இரும்புப் பட்டை பதித்த இரண்டு கீற்று. தலைக்கு மேலே கிரீடம்போல ஒரு வரிசை: போர்த்துகீசியத் தலை ஒன்று, மீன் ஒன்று, மறுபடி தலை, மறுபடி மீன். நம் கெளுத்தி மாதிரி சேற்றிலும் பிழைத்துக் கிடக்கும் மீன் அது. நீரிலும் நிலத்திலும் இருப்பதால் ஓபாவுக்கு அடையாளம்.

இகாலா போரில் இன்னொரு கதை. படை கிளம்பும்போது ஒரு பறவை தலைக்குமேல் கத்தியது. தோல்விக்குச் சகுனம் என்று எல்லோரும் பின்வாங்கப் பார்த்தார்கள். எசிகி அந்தப் பறவையைக் கொல்லச் சொல்லிவிட்டுப் போனான், ஜெயித்துத் திரும்பினான். பிறகு அந்தப் பறவையைப் பித்தளையில் வார்க்கச் சொல்லி, சடங்கில் தலைவர்கள் அதன் அலகைத் தட்டி ஒலியெழுப்ப வேண்டும் என்று வைத்தான். சகுனம் பார்த்துப் பின்வாங்கப் பார்த்தவர்களே வருடாவருடம் அதைத் தட்டியிருப்பார்கள். ராஜாவின் குசும்பு!

சரி, 1897. பிரிட்டிஷ் பிடியில் இருந்த நைஜர் கரையோரப் பகுதியின் தற்காலிகத் தலைமை அதிகாரியாக இருந்த ஜேம்ஸ் பிலிப்ஸ், 1896 நவம்பரில் லண்டனுக்கு ஒரு கடிதம் எழுதினார். ஓபா வியாபாரத்துக்கு இடைஞ்சல், அவரை இறக்க அனுமதி வேண்டும் என்று கேட்டதோடு, செலவை ஓபாவின் வீட்டிலிருக்கும் தந்தத்தை வைத்தே ஈடுகட்டிவிடலாம் என்றும் சேர்த்திருந்தார். பதிலுக்குக் காத்திராமல் 1897 ஜனவரியில் கிளம்பினார். ஓபா ஒவோன்ரம்வென் சடங்குக் காலத்தில் இருக்கிறார், இப்போது வர வேண்டாம் என்று சொல்லியும் கேட்கவில்லை. வழியில் பெனின் வீரர்கள் மறித்துத் தாக்கினார்கள். பிலிப்ஸும் சுமைதூக்கிய ஆப்பிரிக்கர்கள் ஏராளமானோரும் மாண்டார்கள். கூடப் போன வெள்ளைக்காரர்களில் இரண்டே பேர் தப்பினார்கள். ஆறு வாரத்தில் அட்மிரல் ராசன் தலைமையில் சுமார் 1,200 பேர் கொண்ட படை வந்தது. பிப்ரவரி 18-இல் நகரம் விழுந்தது. மூன்று நாள் கழித்துப் பரவிய தீயில் அரண்மனை உள்பட ஊரின் பெரும்பகுதி எரிந்தது. ஓபாவைக் காலபாருக்கு நாடு கடத்தினார்கள், 1914-இல் அங்கேயே இறந்தார்.

நகரத்தில் நரபலி நடந்தது என்பதைப் படையெடுப்புக்கு நியாயமாகப் பத்திரிகைகளில் பெரிதாக எழுதினார்கள். நரபலி அங்கே இருந்தது உண்மை. அதை மறைத்து எழுதும் கட்டுரைகள் எனக்குப் பிடிக்காது. ஆனால் அதை நிறுத்த வந்தவர்கள் எதற்காக அரண்மனைச் சாமான்களை மூட்டை கட்டினார்கள் என்ற கேள்வி அப்படியேதான் இருக்கிறது.

ஆயிரக்கணக்கான பொருள்கள் போயின. கொஞ்சம் அரசே விற்றது, மீதியை அதிகாரிகள் ஆளுக்குக் கொஞ்சமாக எடுத்துக்கொண்டார்கள். பெர்லின் அருங்காட்சியகத்துக்காக அதன் அதிகாரி ஃபெலிக்ஸ் ஃபான் லூஷான் போட்டி போட்டு வாங்கினார். ஐரோப்பாவின் தலைசிறந்த வார்ப்பாளர்களுக்கு இவை எந்த விதத்திலும் குறைந்தவை அல்ல என்று அப்போதே எழுதியவர் அவர். மற்றவர்கள் ‘ஆப்பிரிக்கர்கள் இதைச் செய்திருக்க முடியாது, போர்த்துகீசியர் கற்றுக்கொடுத்திருப்பார்கள்’ என்று கதை கட்டிக்கொண்டிருந்தார்கள்.

தகடுகள் ஒரு காலத்தில் அரண்மனைத் தூண்களில் பதித்திருந்தவை. 1668-இல் வெளிவந்த டச்சுக்காரர் டாப்பரின் நூலில் அதன் வர்ணனை இருக்கிறது. படை வந்தபோது அவை தூணிலிருந்து இறங்கி அரண்மனைக் கிடங்கில் கிடந்தன. எது எதற்குப் பக்கத்தில் இருந்தது, எந்தப் போர், எந்த விழா என்று சொல்லக்கூடியவர்கள் அரண்மனையில் இருந்தார்கள். ஒருவரையும் கேட்காமல் அள்ளிப்போனதால் அந்த வரிசை போயே போய்விட்டது. பக்க எண் இல்லாத புத்தகத்தைத் தாள் தாளாகப் பிரித்து, நூற்றுக்கு மேற்பட்ட இடங்களுக்கு அனுப்பியது மாதிரி. என் நண்பர் ஒவ்வொரு தகட்டிலும் ஆளை அடையாளம் சொன்னார், நடப்பது என்ன என்று கேட்டபோது பல இடங்களில் கையை விரித்தார்.

திரும்பும் கதைக்கு வருகிறேன். படையில் போன ஓர் அதிகாரியின் பேரன் 2014-இல் தன் குடும்பத்திலிருந்த இரண்டு பொருள்களைத் தானே எடுத்துப்போய் ஓபாவிடம் கொடுத்தார். அதில் ஒன்று எசிகியின் அந்தச் சகுனப் பறவை வகை. 2021-இல் கேம்பிரிட்ஜ் ஜீசஸ் கல்லூரி ஒரு சேவல் சிற்பத்தையும், அபர்தீன் பல்கலைக்கழகம் ஒரு தலையையும் கொடுத்தன. 2022-இல் லண்டன் ஹார்னிமன் அருங்காட்சியகம் 72 பொருள்களின் உரிமையை நைஜீரியாவுக்கு மாற்றியது, திருப்பிக் கொடுக்க ஜெர்மனி உடன்படிக்கை போட்டது. 2025-இல் நெதர்லாந்து 119. பிரிட்டிஷ் மியூசியத்திடம் 900-க்கு மேல் இருக்கிறது, திருப்பிக் கொடுப்பதை 1963-ஆம் ஆண்டு பிரிட்டிஷ் மியூசியம் சட்டம் தடுக்கிறது என்கிறார்கள். 1950 முதல் 1972 வரை இதே மியூசியம் முப்பதுக்கும் மேற்பட்ட தகடுகளை ‘இரட்டைப்படி’ என்று சொல்லி விற்றிருக்கிறது. ஒவ்வொன்றும் தனித்தனி மெழுகில் செய்து உடைத்த அச்சு, இதில் இரட்டைப்படி எங்கே வந்தது?

நைஜீரியாவுக்குள்ளும் சண்டை உண்டு. திரும்புவது மத்திய அரசுக்கா, எடோ மாநிலத்தின் புதிய அருங்காட்சியகத்துக்கா, ஓபாவுக்கா? 2023-இல் அன்றைய அதிபர், உரிமை ஓபாவுடையது என்று ஆணை போட்டார். இன்னொரு பக்கம் அமெரிக்காவில் அடிமைகளாகப் போனவர்களின் வாரிசுகள் சிலர், ‘அந்தப் பித்தளை எங்கள் முன்னோரை விற்று வந்தது, எங்களுக்கும் பங்கு உண்டு’ என்கிறார்கள். இதைத் தள்ளிவிட முடியாது என்றே நினைக்கிறேன். என்றாலும் லண்டனிலேயே இருக்கட்டும் என்பதற்கு அது காரணம் ஆகாது.

அன்று வெளியே வரும்போது நண்பர் போனில் ஒரு வீடியோ காட்டினார். பெனின் சிட்டியில் வார்ப்புக்காரர்கள் குடியிருக்கும் இகுன் தெரு. அவருடைய மாமா ஒருவர் உலைக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, உடைந்த தண்ணீர்க் குழாய்களையும் பழைய வண்டிப் பாகங்களையும் உள்ளே போட்டுக்கொண்டிருந்தார். “என்ன வார்க்கிறார்?” என்றேன். “இடியா,” என்றார், “அமெரிக்காவிலிருந்து யாரோ ஆர்டர் கொடுத்திருக்கிறார்கள்.”