துருவப் பயணங்களின் ஆரம்ப காலத்தில் ரேடியோ ஆபரேட்டரின் வாழ்க்கை எப்படி இருந்தது?

பல வருடங்களாக ஹாம் ரேடியோவில், அதாவது பொழுதுபோக்காக வானொலியில் தொடர்புகொள்ளும் அமெச்சூர்களில் ஒருவனாக இருக்கிறேன். இந்தக் கேள்வியைப் பார்த்ததுமே எனக்கு நினைவுக்கு வந்தவர் ஜுசெப்பே பியாஜி. இத்தாலியக் கடற்படைக்காரர். 1928-ல் நோபிலே தலைமையில் வட துருவம் போன 'இத்தாலியா' ஆகாயக் கப்பலில் அவர்தான் ரேடியோ ஆபரேட்டர்.

துருவத்தின் மேல் பறந்துவிட்டுத் திரும்பும்போது, மே 25 அன்று, நார்வேயின் ஸ்வால்பார்டு தீவுகளுக்கு வடகிழக்கே கப்பல் உறைந்த கடலில் மோதியது. ஒன்பது பேர் உயிரோடு பனியில் கிடந்தார்கள். மீதிக் கப்பல் ஆறு பேரோடு காற்றில் போயே போய்விட்டது. சிதறிக் கிடந்த சாமான்களுக்கு நடுவே, அவசரத்துக்கென்று வைத்திருந்த சிற்றலை டிரான்ஸ்மிட்டர் உடையாமல் இருந்தது. பியாஜி உடைந்த குழாய்களைச் சேர்த்துக் கட்டி, கம்பம் நட்டு, அன்றைக்கே ஏரியல் கட்டிவிட்டார்.

உண்மையான கஷ்டம் அதற்கப்புறம்தான். ஒரே ஒரு சின்னக் கூடாரம். அதற்குள் குனிந்து உட்கார்ந்து ஹெட்போனை மாட்டிக்கொண்டு மோர்ஸ் கட்டையைத் தட்டுவார்: எஸ்.ஓ.எஸ்., இத்தாலியா, நோபிலே. பிறகு காதைத் தீட்டிக்கொண்டு காத்திருப்பார். ஸ்வால்பார்டின் கிங்ஸ் பே துறைமுகத்தில் நின்ற துணைக் கப்பல் 'சித்தா தி மிலானோ' அனுப்புவது அவருக்கு நன்றாகக் கேட்டது. ரோம் வானொலிச் செய்தியும் கேட்டது. இவர் குரல்தான் கப்பலுக்கு எட்டவில்லை. சுற்றி எட்டுப் பேர் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்க, ஒவ்வொரு முறையும் ஹெட்போனைக் கழற்றி 'இல்லை' என்று சொல்வது எப்பேர்ப்பட்ட வேலை!

சிற்றலையின் குணம் அது. தரையோடு போகும் அலை கொஞ்ச தூரத்தில் தேய்ந்துவிடும். மேலே போவது அயனி மண்டலத்தில் (வானின் உயரத்தில் மின்னேற்றம் பெற்ற காற்றடுக்கு) பட்டு வெகு தொலைவில் இறங்கும். நடுவில் இருப்பவருக்கு ஒன்றும் கேட்காது. 20 மீட்டர் பேண்டில் (ஒரு சிற்றலை வரிசை) நான் பேசுவது பக்கத்து மாவட்ட நண்பருக்கு எட்டாமல், டெல்லிக்காரருக்குக் கணீரென்று கேட்ட நாட்கள் எத்தனையோ. ஆனால் அங்கே கப்பலில் இருந்தவர்கள் வேறு தந்திகளில் மும்முரமாக இருந்து சரியாகக் கவனிக்கவில்லை என்ற குற்றச்சாட்டும் அந்தக் காலத்திலேயே உண்டு.

பதிலே வராததால் மே 30 அன்று மூன்று பேர் கரையைத் தேடி நடந்தே கிளம்பினார்கள். அவர்களில் ஸ்வீடன் விஞ்ஞானி மால்ம்கிரென் திரும்பவில்லை. பியாஜி கட்டையை விடவில்லை.

ஜூன் 3 அன்று, 2000 கிலோமீட்டருக்கும் அப்பால், ரஷ்யாவின் வொஸ்னெசென்யே-வொக்மா கிராமத்தில், நிக்கலாய் ஷ்மித் என்ற இளைஞர் தானே செய்த ரிசீவரில் அந்த எஸ்.ஓ.எஸ்ஸைத் துண்டு துண்டாகப் பிடித்துவிட்டார். அவரும் நம்மைப் போல அமெச்சூர்தான்! அந்தச் செய்தியை ஜூன் 6 இரவு ரோம் வானொலி சொல்ல, ஹெட்போனில் கேட்டு எழுதிக்கொண்டவர் சாட்சாத் பியாஜியே.

மீட்பு விமானம் நோபிலேயைக் கொண்டுபோன பிறகும் பியாஜி பனியிலேயே இருந்து தொடர்பு அறாமல் பார்த்துக்கொண்டார். ஜூலை 12 அன்று சோவியத் பனியுடைப்புக் கப்பல் 'கிராசின்' வந்தபோது அங்கே மிஞ்சியிருந்த ஐந்து பேரில் அவரும் ஒருவர். பிற்காலத்தில் ரோமில் பெட்ரோல் பங்க் நடத்தினார்.