பெண் கேட்கும் வீட்டில் இனிப்புத் தேநீர்

கேள்வி: அசர்பைஜானின் பாகு நகரில் பணிபுரிகிறேன். உடன் பணிபுரியும் அந்நாட்டு நண்பர், தாம் விரும்பும் பெண்ணின் வீட்டுக்குப் பெண் கேட்கச் செல்லும்போது என்னையும் அழைக்கிறார். இருவரும் பழகி, மணப்பதென்று தாங்களே முடிவு செய்துவிட்டார்கள். பிறகு எதற்கு இந்த நாடகம்? நான் போகலாமா?

பதில்: தயங்காமல் போய் வாருங்கள், ஆனால் நாடகம் என்ற சொல்லை வீட்டிலேயே விட்டுவிட்டுச் செல்லுங்கள். 'எல்ச்சிலிக்' எனப்படும் இந்த வழக்கத்தில், முன்பெல்லாம் மாப்பிள்ளை வீட்டுப் பெண்கள் பெண்ணைப் பார்த்துவிட்டு வந்த பிறகே பெரியவர்கள் கிளம்புவார்கள். இன்று, குறிப்பாகப் பாகுவில், பல்கலைக்கழகத்திலோ அலுவலகத்திலோ சந்தித்த இருவர் தாங்களே பேசி முடித்த பின்னர்தான் பலருடைய வீடுகளுக்குச் செய்தி போகிறது. ஆயினும் பெண்ணின் தந்தை வாய் திறந்து சம்மதம் சொல்லி, மேசைக்கு இனிப்புத் தேநீர் வரும்வரை, பேச்சு முடிந்ததாக இரு குடும்பமும் கருதுவதில்லை. மற்ற நாட்களில் அங்கே சர்க்கரைக் கட்டியைக் கடித்துக்கொண்டோ, பழப்பாகைச் சுவைத்துக்கொண்டோ வெறும் தேநீரைத்தான் குடிப்பார்கள் என்பதால், சர்க்கரை கலந்து வருவதே விடையாகிவிடுகிறது. முதல் நாளிலேயே அது வராமல், "கலந்து பேசிச் சொல்கிறோம்" என்று அனுப்பினாலும் கவலை வேண்டாம். உடனே தலையசைப்பது பெண் வீட்டாருக்கு அழகல்ல என்று எண்ணும் குடும்பங்கள் இன்னும் உண்டு.

1918-இல் உருவான அசர்பைஜான் குடியரசே பெண்களுக்கு வாக்குரிமை அளித்துவிட்டது. அந்நாட்டிலும் பெண்ணின் சம்மதத்தைத் தந்தையே எடுத்துரைப்பது எனக்கு உறுத்தலாகத்தான் இருக்கிறது. ஆனால் மகளிடம் முன்கூட்டியே உண்மையாகக் கேட்டுவிட்டுச் சொல்லும் வீட்டில் இந்த வழக்கத்தைக் குறை கூற மாட்டேன். கேட்காமல் சொல்லும் வீட்டில் எத்தனை கட்டி சர்க்கரை போட்டாலும் அது கசப்புதான். உங்கள் நண்பர் விஷயத்தில் பெண்ணின் மனம் முன்பே தெரிந்திருப்பதால் நீங்கள் நிம்மதியாக உட்காரலாம்.

பேச்சைப் பெரியவர்களிடம் விட்டுவிடுங்கள். மலர்க்கொத்து கொண்டு போனால் ஒற்றைப்படையில் இருக்கட்டும். இரட்டைப்படை துக்க வீட்டுக்கு உரியது. நம் ஊரில் மாமன் மகளை மணக்கும் வழக்கத்தைப் பற்றிப் பெருமையடிக்க அது இடமுமல்ல; அத்தகைய நெருங்கிய உறவுத் திருமணங்களை அந்நாட்டுச் சட்டம் 2025 ஜூலை முதல் தடை செய்திருக்கிறது. திருமண அழைப்பு வந்தால் பரிசுப் பொருளைத் தேடி அலையாதீர்கள். உறையில் பணம் வைத்துத் தருவதே அங்கு வழக்கம் என்பதால், எவ்வளவு என்பதை அலுவலகத் தோழர்களிடம் முன்னரே கேட்டுக்கொள்ளுங்கள்.