கூப்பன் புத்தகம்

அன்புள்ள ஐயா,
நான் ஜெர்மனியில், ஆகன் நகரில் வேலை செய்கிறேன். பக்கத்தில், பெல்ஜிய எல்லைக்குள், கெல்மிஸ் என்றொரு சிற்றூர். 100 வருடத்துக்கு மேல் எந்த நாட்டோடும் சேராமல் இருந்ததாம். எஸ்பெராந்தோ என்கிற, ஆக்கிய பொதுமொழி பேசும் நாடாக்கவும் பார்த்தார்களாம். அந்தச் சனங்கள் தங்களை எந்த நாட்டுக்காரராக உணர்ந்திருப்பார்கள்? அதன் வரலாற்றை எழுத ஆசை. எங்கே தொடங்குவது?
– உங்கள் வாசகன்

தம்பி,

உமது கடிதம் வந்த அன்று அம்மம்மாவின் பிஸ்கட் பேணியைத் திறந்து வைத்துக்கொண்டு இருந்தேன். அதனால்தான் உடனே பதில். இல்லாவிட்டால் மூன்று மாதம் கிடந்திருக்கும்.

எஸ்பெராந்தோவை விடும். 1908இல் ஒரு டாக்குத்தரும் கூட்டாளிகளும் ஆடிய கூத்து. அந்த ஊரைப் பற்றி எழுதுகிற எல்லாரும் அதில்தான் போய் விழுகிறார்கள். நம்மவர் ஊர் வரலாறு எழுதினால் சோழனில் தொடங்கிக் கோயில் தர்மகர்த்தா பட்டியலில் முடிப்பார்கள். அந்த நோயும் உமக்கு வேண்டாம்.

மண்ணில் தொடங்கும். நெப்போலியன் விழுந்தபின் எல்லை பிரித்தபோது, பிரஷ்யாவும் நெதர்லாந்தும் ஒரு துத்தநாகச் சுரங்கத்துக்காக மல்லுக்கட்டின. இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. 1816இல் சுரங்கத்தைச் சுற்றி மூன்றரைச் சதுர கிலோமீற்றரைப் பொதுவில் விட்டார்கள். அப்போது அங்கே 256 பேர். பின்னர் நெதர்லாந்தின் இடத்துக்குப் பெல்ஜியம் வந்தது. 1885இல் தாது தீர்ந்துபோனது. பொதுநிலமோ 1920 வரை இழுபட்டது. துத்தநாக மண்ணில் வளரும் சின்ன மஞ்சள் வயலட் பூ இன்னும் அங்கே பூக்கிறது.

எந்த நாட்டுக்காரராக உணர்ந்தார்கள் என்கிறீரே, கோபிக்காதேயும், அது சோதனைச் சாவடியில் நிற்கிறவன் கேட்கிற கேள்வி. வீட்டுக்காரியின் கவலை வேறு. எந்தக் கடதாசியை எடுத்து வைப்பது, எதை ஒளிப்பது? அந்தத் துண்டு நிலத்துப் பூர்வீகக்காரருக்குப் பட்டாளக் கடமை இல்லை, நாடும் இல்லை. 1920இல் பெல்ஜியக் கடதாசி. 1940இல் ஹிட்லர் சேர்த்துக்கொண்டதும் ஜெர்மன் கடதாசி, கூடவே பட்டாள அழைப்பு. 1944இல் திரும்பவும் பெல்ஜியம். புதுசு வந்தபோது பழையதை அடியில் வைத்தார்களா, அடுப்பில் போட்டார்களா? பேரப்பிள்ளைகள் இருப்பார்கள், போய்க் கேளும். சும்மா 'உணர்ந்தார்கள்' என்று எழுதி என் நேரத்தைத் தின்னாதேயும்.

1983 ஆடிக் கலவரத்தில் கொழும்பு வெள்ளவத்தை வீட்டை விட்டு ஓடும்போது அம்மம்மா நகையைத் தொடவில்லை, பேணியைத்தான் தூக்கினா. உள்ளே காணி உறுதி, ஆறு பேரின் பிறப்புச் சான்றிதழ், எப்போதோ காலாவதியான, பங்கீட்டு அரிசி வாங்கும் கூப்பன் புத்தகம்.

முகாமில் கேட்டேன்: "கூப்பன் ஏனணை?"

"அதிலைதான் என்ரை பேர் சரியா எழுதியிருக்கு."

பிறப்புப் பதிந்தவர் ஓர் எழுத்தை விழுங்கியிருந்தார். அந்த ஓரெழுத்துக்காக அவ முகாமில் பேணியைத் தலைமாட்டில் வைத்துப் படுத்தா. இப்போது அதன் அடி துருப்பிடித்துப்போய்விட்டது; புத்தகத்தில் செம்பட்டையாக ஒரு வட்டம் பதிந்திருக்கிறது, பெயரில் படவில்லை.

தன்னை எந்த நாட்டுக்காரியாக உணர்ந்தா என்று நான் அவவிடம் கேட்டதில்லை. கேட்டிருந்தால் அகப்பைக்காம்பால் விழுந்திருக்கும்.