கோயில் நிலத்துக்கு யாரைப் பார்ப்பது? – வாசகர் கேள்வி பதில்

மலேசியாவின் மாநிலம், நாடாளுமன்றம், தேர்தல் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த மாதம் பதில் எழுதுகிறேன். தமிழ்ப்பள்ளி ஆசிரியையாக இருந்த காலத்தில் பொதுத் தேர்தல்களில் வாக்குச்சாவடிப் பணியும் பார்த்தவள் நான். இந்த விஷயத்தில் எனக்குச் சொல்ல நிறைய இருக்கிறது.

நான் செந்தூலில் இருக்கிறேன். ஷா ஆலாமில் இருக்கும் என் தம்பி 2022 நவம்பரிலும் வாக்களித்தான், 2023 ஆகஸ்டிலும் வாக்களித்தான். எனக்கு ஒரே ஒரு தடவைதான். என் பெயர் விடுபட்டுவிட்டதா?
– வாசகி, செந்தூல்

பெயர் விடுபடவில்லை, கவலைப்படாதீர்கள். செந்தூல் கோலாலம்பூரில் இருப்பதால் உங்களுக்கு மாநிலச் சட்டமன்றமே கிடையாது. கோலாலம்பூர் 1974 பிப்ரவரி 1 வரை சிலாங்கூரின் பகுதியாக இருந்தது. அன்று அது கூட்டரசுப் பிரதேசம் ஆனது. பிறகு லாபுவானும் புத்ராஜெயாவும் அப்படியே ஆயின. இந்த மூன்று இடங்களையும் மத்திய அரசாங்கமே நேரடியாக ஆள்கிறது. கோலாலம்பூருக்கு 11 நாடாளுமன்ற உறுப்பினர்கள் உண்டு, சட்டமன்ற உறுப்பினர் ஒருவர்கூட இல்லை. மாநகரத் தலைவரும் நியமனம்தான்.

சரி, சிலாங்கூரில் இருக்கும் தம்பிக்கு ஏன் இரண்டு தேதி? நாடாளுமன்றம் கலைந்தால் மாநிலச் சட்டமன்றமும் கலைய வேண்டும் என்று சட்டம் இல்லை. ஒவ்வொரு சட்டமன்றத்துக்கும் தனி ஆயுள் உண்டு. மாநில அரசாங்கத்தின் தலைவரான மந்திரி பெசாரோ முதலமைச்சரோ ஆலோசனை சொல்ல, அந்த மாநிலத்து சுல்தான் போன்ற அரசர் அல்லது ஆளுநர் கலைக்கிறார். 2022-இல் பெர்லிஸ், பேராக், பகாங் ஆகிய மூன்று மட்டும் நாடாளுமன்றத்தோடு சேர்ந்து கலைந்தன. சிலாங்கூர், பினாங்கு, நெகிரி செம்பிலான், கெடா, கிளந்தான், திரெங்கானு ஆறும் 2023 ஆகஸ்ட் 12 அன்று வாக்களித்தன. மற்ற நான்கும் அதற்கு முன்பே தேர்தலை முடித்திருந்தன. செலவு கூடுதல்தான். ஆனாலும் தனித்தனியாக நடப்பதையே நான் விரும்புகிறேன். குடிநீர், காடு, நிலம் பற்றி வேட்பாளரிடம் கேட்க அப்போதுதான் நேரம் கிடைக்கும்.

எங்கள் மாரியம்மன் கோயில் தோட்டக் காலத்துக் கோயில். நிலப் பட்டா இல்லை. நாடாளுமன்ற உறுப்பினர் ஒவ்வொரு திருவிழாவுக்கும் வருகிறார், மாலை மரியாதை செய்கிறோம், 'கவனிக்கிறேன்' என்கிறார். இரண்டு தவணை ஓடிவிட்டது.
– கோயில் செயலவை உறுப்பினர், கோலசிலாங்கூர்

ஐயா, தவறான கதவைத் தட்டிக்கொண்டிருக்கிறீர்கள். அந்தக் கதவுக்குப் பின்னால் நிலம் இல்லை.

அரசியலமைப்புச் சட்டத்தின் ஒன்பதாவது அட்டவணையில் மூன்று பட்டியல்கள் இருக்கின்றன. போலீஸ், ராணுவம், கல்வி, சுகாதாரம், குடியுரிமை, வருமான வரி எல்லாம் மத்திய அரசாங்கத்தின் பட்டியல். நிலம், காடு, ஊராட்சி, இஸ்லாமிய சமய விவகாரம் மாநிலப் பட்டியல். சமூக நலன், நகரத் திட்டமிடல் போன்றவை இருவருக்கும் பொது. 2005-இல் குடிநீரும் அந்தப் பொதுப் பட்டியலுக்கு மாறியது.

1965-ஆம் ஆண்டின் தேசிய நிலச் சட்டத்தை இயற்றியது நாடாளுமன்றம்தான். ஆனால் அந்தச் சட்டப்படி நிலத்தைக் கொடுக்கிற அதிகாரம் மாநிலத்தின் கையில் இருக்கிறது. மனு மாவட்ட நில அலுவலகத்தில் தொடங்கி, மந்திரி பெசார் தலைமையிலான ஆட்சிக்குழுவில் முடிகிறது. உங்கள் நாடாளுமன்ற உறுப்பினருக்கு அந்த மேசையில் நாற்காலி இல்லை.

முதலில் செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். லோட் எண்ணை (நிலத்தின் அடையாள எண்) கண்டுபிடித்து, நில அலுவலகத்தில் கட்டணம் கட்டித் தேடுதல் மனு போடுங்கள். நிலம் யார் பெயரில் இருக்கிறது என்று எழுத்தில் வந்துவிடும். பல கோயில் கமிட்டிகள் இதைச் செய்யாமலேயே வருடக்கணக்கில் ஆளைத் தேடி அலைகின்றன. நிலம் அரசாங்கத்தினுடையது என்றால் இரண்டு வழி உண்டு. நிலச் சட்டத்தின் 62-ஆம் பிரிவின்கீழ் பொதுத் தேவைக்கான ஒதுக்கீட்டு நிலமாக அரசிதழில் பதிவு செய்யக் கேட்கலாம். அல்லது பிரீமியம் என்ற ஒருமுறைக் கட்டணத்தைக் கட்டிப் பட்டா கேட்கலாம், அப்புறம் வருடா வருடம் நில வரி வரும்.

தோட்டக் கம்பெனியின் பெயரில் இருந்தால் விஷயம் வேறு. தனியார் நிலத்தை மாநிலம் சும்மா தூக்கிக் கொடுத்துவிட முடியாது. ஆனால் அந்தத் தோட்டம் வீடமைப்புப் பகுதியாக மாறும்போது, நிலப் பயன்பாட்டை மாற்றுவதற்குக் கம்பெனி மாநிலத்திடம்தான் வந்து நிற்க வேண்டும். அனுமதி தரும்போது மாநிலம் நிபந்தனை போடலாம். கோயிலுக்கு இவ்வளவு நிலம் ஒதுக்கு என்று கேட்கச் சரியான நேரம் அதுதான். புல்டோசர் வந்த பிறகு கூட்டம் கூடுவதைவிட, அந்த மனு நில அலுவலகத்தில் இருக்கும்போதே உங்கள் சட்டமன்ற உறுப்பினரை அழைத்துக்கொண்டு போய் நில்லுங்கள். சிலாங்கூரில் முஸ்லிம் அல்லாதார் வழிபாட்டுத் தலங்களுக்கென்று தனிக் குழுவே இருக்கிறது. கடிதத்தின் நகலை அங்கேயும் கொடுங்கள்.

இதே தடுமாற்றம் எதிர்த்திசையிலும் நடக்கிறது. நிரந்தரவாசிக்கான சிவப்பு அடையாள அட்டையோடு வாழும் பாட்டிக்குக் குடியுரிமை கேட்டுச் சட்டமன்ற உறுப்பினரிடம் போகிறார்கள். அவர் நல்ல மனதோடு கடிதம் எழுதித் தரலாம், அவ்வளவுதான். குடியுரிமை உள்துறை அமைச்சின் கையில். அதற்கு நாடாளுமன்ற உறுப்பினர்தான் வேண்டும், அவர் மக்களவையில் எழுந்து கேள்வி கேட்கலாம். தமிழ்ப்பள்ளியை எடுத்துக்கொள்ளுங்கள்: ஆசிரியர் பற்றாக்குறை என்றால் கல்வி அமைச்சு, பள்ளி நிலம் என்றால் மாநிலம், வாசலில் அடைத்துக்கொண்ட சாக்கடை என்றால் நகராண்மைக் கழகம். ஒரே கடிதத்தை மூன்று பேருக்கும் அனுப்பினால், மூன்று பேரும் மற்ற இருவரைக் கைகாட்டுவார்கள். தனித்தனியாக எழுதுங்கள்.

வாக்குச்சீட்டில் P என்றும் N என்றும் எண் போடுகிறார்களே, அது என்ன?
– மாணவர், கிள்ளான்

P என்பது நாடாளுமன்றத் தொகுதி. N என்பது மாநிலத்தைக் குறிக்கும் 'நெகிரி', அதாவது சட்டமன்றத் தொகுதி. உங்கள் கிள்ளான் P.110. அதற்குள் N.45 பண்டார் பாரு கிள்ளான், N.46 பெலாபுஹான் கிள்ளான், N.47 பண்டமாரான் என மூன்று சட்டமன்றத் தொகுதிகள் அடங்குகின்றன. சட்டமன்றத் தொகுதி ஒன்று இரண்டு நாடாளுமன்றத் தொகுதிகளில் பாதிப் பாதியாகக் கிடக்காது. பெர்லிசில் 3 நாடாளுமன்றத் தொகுதி, 15 சட்டமன்றத் தொகுதி. சிலாங்கூரில் 22-க்கு 56.

இரண்டு தேர்தலும் ஒரே நாளில் நடந்தால் கையில் இரண்டு சீட்டு வரும், பெட்டியும் இரண்டு இருக்கும். முதல் சாலுரானில்தான், அதாவது முதல் வாக்களிப்பு அறையில்தான், வயதில் மூத்தவர்கள் வருவார்கள். பெயரை உரக்க வாசிப்போம், கட்சி முகவர்கள் பட்டியலில் குறித்துக்கொள்வார்கள். 2013-லிருந்து இடது ஆள்காட்டி விரலில் மை வைக்கிறோம். சீட்டை வாங்கியதும் "எதும்மா பெரிய ஒய்பிக்கு, எது சின்ன ஒய்பிக்கு?" என்று கேட்கும் பெரியவர்கள் உண்டு. ஒய்பி என்றால் மக்கள் பிரதிநிதி. எந்தச் சீட்டு எந்த மன்றத்துக்கு என்று மட்டும் சொல்வேன், அதற்கு மேல் ஒரு வார்த்தை சொல்லக்கூடாது. ஆனால் 'பெரியவர், சின்னவர்' என்ற எண்ணம் சரியில்லை. உங்கள் நிலத்தைப் பொறுத்தவரை அந்தச் 'சின்ன' ஒய்பிதான் பெரியவர்.

எல்லா ஓட்டுக்கும் ஒரே மதிப்புதானா?
– வாசகர், காஜாங்

இல்லை. 2022-இல் சிலாங்கூரின் பாங்கி தொகுதியில் 3 லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்காளர்கள். சரவாக்கின் இகான் தொகுதியில் ஏறக்குறைய 28 ஆயிரம். இரண்டும் மக்களவைக்கு ஒரே ஒரு உறுப்பினரைத்தான் அனுப்புகின்றன. உள்நாட்டுப் பகுதிகள் பரந்து கிடப்பதால் அங்கே தொகுதியில் ஆட்கள் குறைவாக இருப்பதை ஓரளவு ஏற்கலாம். சபா, சரவாக் இரண்டும் 1963-இல் தனி உறுதிமொழிகளோடு இணைந்தவை என்பதையும் மறக்கக்கூடாது. ஆனால் தீபகற்பத்துக்குள்ளேயே இருக்கிற இடைவெளிக்கு இந்தக் காரணங்கள் போதாது. 1957-இன் அரசியலமைப்பில் தொகுதியின் வாக்காளர் எண்ணிக்கை சராசரியிலிருந்து 15 விழுக்காட்டுக்கு மேல் கூடவோ குறையவோ கூடாது என்று வரம்பு இருந்தது. 1962-இல் அது தளர்ந்தது, 1973-இல் எடுத்தே விட்டார்கள். அந்த வரம்பு ஏதோ ஒரு வடிவில் திரும்பி வர வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. நம்மவர்கள் பெரும்பாலும் நெரிசலான நகரத் தொகுதிகளில்தான் இருக்கிறார்கள்.

மந்திரி பெசாருக்குப் பெரும்பான்மை போனதை யார் முடிவு செய்வது? சட்டமன்றமா, அரண்மனையா?
– வாசகர், ஈப்போ

ஈப்போவிலிருந்து இந்தக் கேள்வி வருவதில் ஆச்சரியமில்லை. 2009 பிப்ரவரியில் பேராக்கின் 59 இடங்களில், ஆட்சியில் இருந்த பக்காத்தான் கூட்டணியின் பக்கம் இருந்த மூன்று பேர் விலகி, எதிர்த்தரப்பான பாரிசான் கூட்டணியை ஆதரிப்பதாக அறிவித்தார்கள். மந்திரி பெசார் நிஜார் ஜமாலுடின் சட்டமன்றத்தைக் கலைக்கக் கேட்டார். சுல்தான் சம்மதிக்கவில்லை. ஜம்ரி அப்துல் காதிர் பதவியேற்றார். வழக்கு மேலும் கீழுமாகப் போய், 2010 பிப்ரவரி 9 அன்று கூட்டரசு நீதிமன்றம் ஜம்ரியே சட்டப்படி மந்திரி பெசார் என்றது. நம்பிக்கை இழந்ததைச் சட்டமன்ற வாக்கெடுப்பில்தான் காட்ட வேண்டும் என்பதில்லை என்பது தீர்ப்பின் சாரம்.

1966-இல் சரவாக் முதலமைச்சர் ஸ்டீபன் காலோங் நிங்கான் வழக்கில் கூச்சிங் உயர்நீதிமன்றம் நேர்மாறாகச் சொல்லியிருந்தது. உறுப்பினர்கள் கையெழுத்திட்ட கடிதம் போதாது, மன்றத்தில் வாக்கெடுப்பு வேண்டும் என்றது. என் மனம் அந்தப் பழைய தீர்ப்போடுதான் நிற்கிறது. மக்கள் அனுப்பியவர்கள் மக்கள் பார்க்கக் கை தூக்கட்டும்.

கட்சித் தாவலைத் தடுக்க 2022 அக்டோபர் 5 அன்று அரசியலமைப்பின் 49A பிரிவு நடப்புக்கு வந்தது. கட்சியை விட்டு விலகினால் நாடாளுமன்ற இருக்கை போய்விடும். ஆனால் கட்சியே நீக்கினால் போகாது, கட்சி முழுவதுமாகக் கூட்டணி மாறினாலும் போகாது. சட்டமன்றங்களுக்கு இந்தத் திருத்தம் தானாகப் பொருந்தாது, அந்தந்த மாநிலம் தன் அரசியலமைப்பையும் திருத்த வேண்டும்.

மேலவைக்கு நாம் ஏன் ஓட்டுப் போடுவதில்லை?
– வாசகி, சிரம்பான்

நாடாளுமன்றத்தின் மேலவையில் இருக்கும் 70 பேரில் 26 பேரைச் சட்டமன்றங்கள் தேர்ந்தெடுக்கின்றன, மாநிலத்துக்கு இரண்டு பேர். மீதி 44 பேர் மாமன்னரின் நியமனம். 1957-இல் இது தலைகீழாக இருந்தது: மாநிலங்கள் அனுப்பியவர் 22, நியமனம் 16. மாநிலங்களின் குரலுக்காக உண்டான மன்றம் அது. மாநிலத்துக்கு மூன்று பேர், அவர்களையும் மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கலாம் என்று அரசியலமைப்பின் 45-ஆவது பிரிவு நாடாளுமன்றத்துக்கு இடம் கொடுத்திருக்கிறது. இதுவரை யாரும் பயன்படுத்தவில்லை. அரசியலமைப்புத் திருத்தமே தேவையில்லாத ஒரு நல்ல காரியம் இத்தனை ஆண்டுகளாகக் கிடப்பில் கிடப்பது எனக்கு வருத்தம்.

நகராண்மைக் கழக உறுப்பினரையாவது நாமே தேர்ந்தெடுக்க முடியாதா?
– வாசகர், சுங்கை பட்டாணி

முன்பு முடிந்தது. இந்தோனேசியாவுடனான மோதல் காலத்தில், 1965-இல், ஊராட்சித் தேர்தலை நிறுத்தினார்கள். 1976-ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டம் அதை மொத்தமாக எடுத்துவிட்டது. இப்போது உறுப்பினர்களை மாநில அரசாங்கம் நியமிக்கிறது. ஆகவே சாக்கடைப் புகாரை நகராண்மைக் கழகம் காதில் வாங்கவில்லை என்றால், அடுத்த படி உங்கள் சட்டமன்ற உறுப்பினர்.

என் மகளுக்கு 18 வயது. பெயரை எங்கே பதிய வேண்டும்?
– வாசகி, பத்து காஜா

பதியவே வேண்டாம். 2021 டிசம்பர் 15 முதல் 18 வயதானவர்களின் பெயர் தானாகவே பட்டியலில் சேர்கிறது. முகவரியை மட்டும் பாருங்கள். அடையாள அட்டையில் இருக்கும் முகவரியை வைத்துத்தான் தொகுதி அமைகிறது. மகள் பட்டர்வொர்த்தில் வேலை கிடைத்துப் போய், அட்டையில் பத்து காஜாவே இருந்தால், பத்து காஜாவுக்கு வந்துதான் வாக்களிக்க வேண்டும். அங்கேயே நிரந்தரமாகத் தங்குவதாக இருந்தால், தேசியப் பதிவு இலாகாவில் முகவரியை மாற்றிவிட்டு, தேர்தல் ஆணையத்திடம் தொகுதி மாற்றத்துக்கும் மனுச் செய்யச் சொல்லுங்கள். தேர்தல் அறிவித்த பிறகு ஓடினால் நேரம் இருக்காது.