பெர்னாண்டோ யாருடைய பெயர்?

அன்புள்ள ஐயா,

எங்கள் குடும்பப் பெயர் பெர்னாண்டோ. போர்ச்சுகீசியர் காலத்தில் வந்த பெயர் என்று அப்பா சொல்வார். தம்பி இப்போது ஜெர்மனியில் வேலை பார்க்கிறான். அங்கே ஒருவர், "இது எங்கள் ஃபெர்டினாண்ட்தானே!" என்றாராம். குழந்தைப் பெயர்த் தளங்களும் 'ஜெர்மன் பெயர், துணிச்சலான பயணி என்று பொருள்' என்கின்றன. எது சரி? பெர்னாண்டஸ் என்பது வேறு பெயரா?

ஜெ., தூத்துக்குடி

அன்புள்ள ஜெ.,

அப்பா சொல்வது சரி. தம்பியிடம் பேசியவர் சொன்னதில்தான் வேடிக்கை. ஜெர்மன்காரர்களுக்கே அந்தப் பெயர் ஸ்பெயினிலிருந்துதான் போனது.

பெயரின் வேர் கோத்திக் மொழியில் இருக்கிறது. அது ஜெர்மானியக் குடும்பத்து மொழி. ஆனால் ஜெர்மனுக்குத் தாய் அல்ல, தூரத்து உறவு. அதைப் பேசிய விசிகோத்துகள் 418இல் இன்றைய பிரான்சின் தென்மேற்கே குடியேறினார்கள். 507இல் பிராங்குகள் என்ற இன்னொரு ஜெர்மானியக் கூட்டத்திடம் தோற்று ஸ்பெயினுக்குள் நகர்ந்தார்கள். டொலேடோவைத் தலைநகராக்கி 711 வரை ஆண்டார்கள். எண்ணிக்கையில் கொஞ்சம் பேர்தான். சுற்றிலும் லத்தீன் பேசும் மக்கள் இருந்ததால் அவர்களுடைய மொழி கரைந்துவிட்டது. பெயர்கள் மட்டும் தங்கிவிட்டன. ஆளுகிறவன் பெயரைப் பிள்ளைக்கு வைக்கும் ஆசை எல்லா ஊரிலும் உண்டுதானே. அல்போன்சோ, கொன்சாலோ எல்லாம் அப்படி மிஞ்சியவை. உங்கள் ஊர் ரொட்ரிகோக்களின் பெயரும் அதே சரக்குதான். கடைசி விசிகோத் அரசர்களில் ஒருவரின் பெயர் அது.

பொருளைப் பற்றி: பின்பாதியான 'நந்த்' துணிச்சல் என்பதில் பெரிய சண்டை இல்லை. முன்பாதி பயணமா, அமைதியா என்பதில்தான் இரண்டு கட்சி. ஸ்பெயினின் பழைய லத்தீன் ஆவணங்களில் 'ஃப்ரெதெனாந்துஸ்' என்று எழுதியிருப்பதால் நான் அமைதிக் கட்சி. குதிரை நம் ஊர்ப் பேச்சில் குருதை ஆவதுபோல அமைதியைக் குறிக்கும் 'ஃப்ரெத்' என்பது 'ஃபெர்த்' ஆகி, அப்புறம் நடுவிலிருந்த எழுத்தும் தேய்ந்து பெர்னாண்டோ வந்தது. பெயர்த் தளங்கள் இரண்டில் ஒன்றை எடுத்துக்கொண்டு தீர்ப்பே எழுதிவிடுகின்றன.

ஸ்பெயினின் பழைய அரசுகளான காஸ்டில், லியோனின் அரசர்கள் இந்தப் பெயரைத் திரும்பத் திரும்ப வைத்தார்கள். 1236இல் கோர்டோபாவையும் 1248இல் செவில்லையும் பிடித்த மூன்றாம் பெர்னாண்டோ பின்னாளில் புனிதராகவும் அறிவிக்கப்பட்டார். போர்ச்சுகலிலும் இது சாதாரணப் பெயர்தான். புளியம்பட்டி அந்தோணியார் கோயிலுக்குப் போயிருப்பீர்கள். அந்தப் புனிதர் லிஸ்பனில் பிறந்தவர், ஞானஸ்நானப் பெயர் பெர்னாண்டோ. பிரான்சிஸ்கன் சபையில் சேர்ந்தபோதுதான் அந்தோணி ஆனார்.

ஜெர்மன் கதை இதற்குப் பிறகு வருகிறது. ஸ்பெயினின் இன்னொரு அரசான அரகோனின் அரசர் பெர்னாண்டோவுக்கும் அவர் மனைவி இசபெல்லாவுக்கும் மகள் ஹுவானா வழியில் இரண்டு பேரன்கள். மூத்தவர் சார்லஸ், இன்றைய பெல்ஜியத்தில் பிறந்து அங்கேயே வளர்ந்தவர். இளையவர் 1503இல் ஸ்பெயினில் பிறந்து தாத்தா பெயரையே வாங்கியவர். சார்லஸ் ஸ்பெயினின் அரசராகி 1517இல் அங்கே வந்தபோது அவருக்கு அந்த ஊர் மொழி சரியாகத் தெரியாது. மக்களுக்கோ கூடவே வளர்ந்த தம்பிமேல் பிரியம். அது ஆபத்து என்று மறு ஆண்டே தம்பியைக் கப்பலேற்றிவிட்டார். அந்தத் தம்பிக்குத்தான் பிறகு ஆஸ்திரியா கிடைத்தது. அங்கே அவர் ஃபெர்டினாண்ட் ஆனார், 1526இல் பொஹீமியாவுக்கும் ஹங்கேரிக்கும் அரசர், அண்ணனுக்குப் பிறகு புனித ரோமப் பேரரசர். அவருக்குமுன் ஆஸ்திரியாவை ஆண்ட யாருக்கும் அந்தப் பெயர் கிடையாது. அவருக்குப் பின் அந்த வம்சம் அதை விடவே இல்லை. 1914இல் சரயேவோவில் சுடப்பட்ட இளவரசர்கூட ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்ட்தான். அரண்மனையிலிருந்து பெயர் ஊருக்குள்ளும் இறங்கியது. ஆகாயக்கப்பல் செப்பெலின், கார் போர்ஷே இருவரும் ஃபெர்டினாண்டுகளே.

உங்கள் கரைக்கு வந்த வழி தனி. முத்துக்குளிப்பில் தகராறு முற்றி, பரதவர்கள் போர்ச்சுகீசியரின் பாதுகாப்பைத் தேடி 1530களில் ஞானஸ்நானம் பெற்றார்கள். சவேரியார் வந்ததே அதற்குப் பிறகு, 1542இல். அந்த ஞானஸ்நானத்தோடு வந்த பெயர்களில் ஒன்று உங்களுடையது. வல்லநாட்டிலிருந்து தூத்துக்குடிக்குக் குடிநீர் கொண்டுவந்த குரூஸ் பர்னாந்து பெயரில் இருப்பதும் அதுதான். இலங்கையில் அது சிங்களவரிடமும் பரவி, பௌத்தர்களுக்கும் பெர்னாண்டோ என்ற பெயர் இருக்கிறது.

போர்ச்சுகலில் பெர்னாண்டோ என்றால் ஆளின் பெயர், பெர்னாண்டஸ் என்றால் 'பெர்னாண்டோவின் மகன்' என்ற குடும்பப் பெயர். கோவாவிலும் மங்களூரிலும் அந்த முறையே நின்றது, மங்களூர்க்காரரான ஜார்ஜ் பெர்னாண்டஸ் போல. உங்கள் கரையிலும் இலங்கையிலுமோ ஆளின் பெயரே குடும்பப் பெயராகிவிட்டது. ஸ்பானிய மொழியில் முதல் எழுத்து தேய்ந்து ஹெர்னாண்டஸ் என்றும் ஆனது. தம்பியின் அலுவலகத்தில் மெக்சிகோக்காரர் யாராவது அந்தப் பெயரோடு இருந்தால், அவரும் பெயரளவில் உங்கள் பங்காளிதான்.