மறுப்பும் மழுப்பலும்

அன்புள்ள ஐயா,

துப்பறியும் நாவல் ஒன்று எழுதி வருகிறேன். கொலைக் காட்சிக்காக ஒரு ஏஐ செயலியிடம், "யாராலும் கண்டுபிடிக்க முடியாத விஷம் எது, எவ்வளவு கொடுக்க வேண்டும்?" என்று கேட்டேன். உதவ முடியாது என்று சொல்லிவிட்டு மனநல ஆலோசனை பெறச் சொன்னது. அவமானமாக இருந்தது. வேறொரு சிறுகதையில் மாமனார் மருமகளை ஏசும் இடத்தைக் கொடுத்து "இதைச் சரிசெய்" என்றேன். பிழைகள் போயின. கூடவே வசவுகளும் போய், "மாமனார் கடுமையாகப் பேசினார்" என்று ஒரே வரி மிஞ்சியது. நான் எதை எழுதலாம் என்று இயந்திரம் முடிவு செய்வதா?

ஒரு வாசகி

அன்புள்ள தோழிக்கு,

முதல் விஷயத்தில் எனக்கு அந்தச் செயலி மீது பெரிய குறை இல்லை. இரண்டாவதைப் படித்தபோதுதான் கோபம் வந்தது.

நீங்கள் நாவல் எழுதுவது உங்களுக்குத் தெரியும். அதன் கைக்குப் போனது அந்த ஒரு வரி மட்டும். அதே வரியை யார் யாரோ என்னென்னவோ நோக்கத்தில் தட்டியிருப்பார்கள். அத்தனை பேருக்கும் சேர்த்துத்தான் அது பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. "நாவலுக்காக" என்று சொல்லியிருந்தாலும் விஷத்தின் அளவைத் தந்திருக்கக் கூடாது என்றே நினைக்கிறேன். கெட்ட நோக்கம் உள்ளவரும் அதையேதான் சொல்வார். ஆனால் அறிவுரைக்குப் போகுமுன் "எதற்காகக் கேட்கிறீர்கள்?" என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

ஏன் கேட்பதில்லை? இந்தச் செயலிகளைப் பழக்கும்போது மனிதர்கள் பதில்களை ஒப்பிட்டு, எது மேல் என்று சொல்கிறார்கள். திருப்பிக் கேள்வி கேட்கும் பதிலைவிட, கையோடு எதையாவது முடித்துக் கொடுக்கும் பதில் அங்கே எளிதில் ஜெயித்துவிடும். அதனால் ஊகித்துச் செய்யும் பழக்கம் படிந்துவிடுகிறது. ஊகம் பயத்தின் பக்கம் சாய்ந்தால் என்ன ஆகும் என்பதையும் பார்த்துவிட்டோம். 2023இல் ஆய்வாளர்கள் சிலர் எக்ஸ்எஸ்டெஸ்ட் என்று ஒரு சோதனையை உருவாக்கினார்கள். பார்வைக்கு ஆபத்தாகத் தெரிந்தாலும் உண்மையில் தீங்கில்லாத 250 கேள்விகள் அதில் உண்டு. கணினியில் ஓடும் ஒரு பைத்தான் ப்ராசஸை எப்படிக் கொல்வது என்பது அதில் வரும் மாதிரிக் கேள்வி. பைத்தான் ஒரு கணினி மொழி, ஓடும் நிரலை நிறுத்துவதைத்தான் அங்கே "கொல்வது" என்கிறார்கள். மெட்டா நிறுவனத்தின் அன்றைய ஏஐ மாதிரியான லாமா 2 இப்படிப்பட்ட கேள்விகள் பலவற்றுக்கு மறுப்பே சொன்னது. "கொல்" என்ற சொல்லைப் பார்த்ததுமே மிரண்டுவிட்டது. அப்புறம் நிறுவனங்கள் கொஞ்சம் மாறியிருக்கின்றன. 2025இல் சாட்ஜிபிடியை உருவாக்கிய ஓபன்ஏஐ நிறுவனம், கேட்பவரின் நோக்கத்தை எடைபோட்டு முழுசாகத் தருவது அல்லது முழுசாக மறுப்பது என்பதை விட்டு, தரும் பதில் பாதுகாப்பாக இருக்கிறதா என்று பார்க்கும் முறைக்குப் போவதாக அறிவித்தது. நல்ல திசைதான்.

இனி அந்த மாமனார். மறுப்பு கண்ணுக்குத் தெரியும். கோபப்படலாம், வேறு வழி தேடலாம். இங்கே நடந்தது அப்படி இல்லை. "சரிசெய்" என்றால் எழுத்துப்பிழையா, நடையா, உள்ளடக்கமா என்று தெளிவில்லை. செயலி தானாக ஒன்றைத் தீர்மானித்து, தீர்மானித்ததையும் சொல்லாமல், திருத்தம் என்ற பெயரில் கையில் கொடுத்துவிட்டது. நீங்கள் கவனித்ததால் தப்பித்தீர்கள். அவசரத்தில் இருப்பவர் அப்படியே அனுப்பிவிடுவார். அந்தப் பெண் வாங்கிய ஒவ்வொரு வசவும் அந்தக் கதைக்குத் தேவை. அதை "கடுமையாகப் பேசினார்" என்று மூடினால் மாமனார் தப்பித்துக்கொள்கிறார், மருமகளின் வலி காணாமல் போகிறது. கொடுமையைக் காட்டுவதும் கொடுமை செய்யச் சொல்லிக் கொடுப்பதும் வேறு வேறு. இந்த வித்தியாசம் தெரியாத கருவி கதையில் கை வைக்கவே கூடாது. "இந்தப் பகுதியை நான் தொடவில்லை" என்றாவது சொல்லியிருந்தால் அதில் நேர்மை இருந்திருக்கும்.

நாவலுக்கு வருவோம். வாசகருக்கு விஷத்தின் பெயரும் அளவும் வேண்டாம். பிரேதப் பரிசோதனை செய்யும் மருத்துவருக்கு எந்த இடத்தில் சந்தேகம் தட்டுகிறது, ரசாயனப் பரிசோதனை முடிவு வரும்வரை விசாரணை எப்படி நகர்கிறது, கொலையாளி அன்று இரவு சாப்பிட்டானா? காட்சிக்கு உயிர் கொடுப்பவை இவை. இப்படிக் கேளுங்கள், தயங்காமல் உதவும்.

சிறுகதையைக் கொடுக்கும்போது "எழுத்துப்பிழை, சந்திப்பிழை மட்டும் திருத்து, எந்தச் சொல்லையும் மாற்றாதே, மாற்றியதைப் பட்டியலிடு" என்று எழுதுங்கள். அப்படியும் மூலத்தோடு வரிக்கு வரி ஒப்பிட்டுப் பாருங்கள். மாமனார் பேசும் பத்தியை மட்டும் அதனிடம் கொடுக்க வேண்டாம், நீங்களே திருத்திவிடுங்கள்.